கல்லூரி நூலகத்தில் மின்னிதழ்கள்: உரிமம் முதல் வாசகர் வரை முழுமையான வழிகாட்டி

புதிதாகப் பொறுப்பேற்கும் நூலகர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் தொடங்குகிறார்கள். பதிப்பகங்களின் இணைப்புகளை எல்லாம் திரட்டி, கல்லூரி இணையதளத்தில் 'மின்னிதழ்கள்' என்று ஒரு பக்கம் போடுகிறார்கள். பக்கம் பார்க்க நன்றாகத்தான் இருக்கும். மூன்று வாரத்தில் ஓர் ஆய்வு மாணவி வந்து நிற்பார்: “மேடம், லிங்க் போகுது. பிடிஎஃப்-ஐத் தொட்டா டாலர்ல காசு கேக்குது.”

அந்தப் பக்கம் கடைசியில் செய்ய வேண்டிய வேலை. மின்னிதழுக்குப் பணம் கட்டும்போது நாம் வாங்குவது ஓர் உரிமை: குறிப்பிட்ட சில ஆண்டுகளின் கட்டுரைகளை, குறிப்பிட்ட சிலர், குறிப்பிட்ட வழியாகத் திறக்கலாம் என்பது. எந்த ஆண்டு, யார், எந்த வழி என்ற மூன்றுக்கும் விடை தெரியாமல் போடும் இணைப்பு, பூட்டிய வீட்டுக்கு வழிகாட்டும் பலகை. கீழே உள்ள வரிசையை மாற்றாமல் செய்யுங்கள். ஒவ்வொரு படியும் முந்தைய படியின் விடையை வைத்துத்தான் நகரும்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

உரிம ஒப்பந்தங்களின் நகல், கடந்த மூன்று ஆண்டு விலைப்பட்டியல்கள், பணம் கட்டிய ரசீதுகள், பதிப்பகம் அனுப்பிய தலைப்புப் பட்டியல். இவை அலுவலகக் கோப்பில் ஒன்றும், கணக்குப் பிரிவில் ஒன்றும், முந்தைய நூலகரின் மேசையில் ஒன்றுமாகச் சிதறிக் கிடக்கும். ஒரு நாள் ஒதுக்கித் தேடி எடுத்து ஒரே கோப்புறையில் போடுங்கள்.

அடுத்தது, நூலகத்துக்கென்று ஒரு பொது மின்னஞ்சல். பதிப்பகத் தளங்களில் நூலகருக்குத் தனி நிர்வாகக் கணக்கு உண்டு. ஐபி முகவரி (இணையத்தில் கல்லூரியை அடையாளம் காட்டும் எண்) மாற்றுவதும் பயன்பாட்டு அறிக்கை எடுப்பதும் அதில்தான். நான் பொறுப்பேற்றபோது அந்தக் கணக்குகளில் பாதி, ஓய்வு பெற்றுப் போன ஒருவரின் சொந்த மின்னஞ்சலில் இருந்தன. கடவுச்சொல் மாற்றக் கோரினால் கடிதம் அவருக்குப் போகும். அவரோ அந்த அஞ்சலைத் திறந்து வருடக்கணக்காகியிருந்தது. கல்லூரி முகவரித்தாளில் முதல்வர் கையெழுத்தோடு கடிதம் அனுப்பி ஒவ்வொன்றாக மீட்க இரண்டு மாதம் ஆனது. பதவியின் பெயரில் மின்னஞ்சல் வைத்தால் இந்த அலைச்சல் அடுத்தவருக்கு இல்லை.

நெட்வொர்க் பார்ப்பவரின் நட்பும் வேண்டும். மூன்றாவது, நான்காவது நாளே அவர் தேவைப்படுவார்.

2. எது எந்த வழியாக வருகிறது என்று பிரியுங்கள்

ஒரே கல்லூரிக்கு மின்னிதழ்கள் பல வழிகளில் வரும். எக்செல் தாளில் 'வழி' என்று ஒரு பத்தி வைத்து, ஒவ்வொரு தொகுப்புக்கும் எதிரே எழுதுங்கள். கோளாறு வந்தால் யாரிடம் கேட்பது என்பதை இந்தப் பத்திதான் சொல்லும்.

முதல் வழி, 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டம்: நிறுவனங்களுக்காக மத்திய அரசே மொத்தமாகச் சந்தா கட்டும் ஏற்பாடு. 2024 நவம்பர் 25 அன்று மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்து, 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. 2025, 2026, 2027 ஆகிய மூன்று ஆண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய், 30 பதிப்பகங்கள், ஏறத்தாழ 13,000 இதழ்கள். காந்திநகரில் உள்ள, பல்கலைக்கழக மானியக் குழுவின் இன்ஃப்லிப்நெட் மையம் ஒருங்கிணைக்கிறது. அரசு நிர்வாகத்தில் உள்ள உயர்கல்வி நிறுவனங்களுக்கும் மத்திய அரசின் ஆய்வு நிறுவனங்களுக்கும் உரியது. பெயரைப் பார்த்து 'நாட்டில் உள்ள எல்லாருக்கும்' என்று சுயநிதிக் கல்லூரிகளில் நினைத்துக்கொள்கிறார்கள். உங்கள் நிறுவனத்தின் பெயர் உறுப்பினர் பட்டியலில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

இரண்டாவது, இன்ஃப்லிப்நெட் கல்லூரிகளுக்கென நடத்தும் என்-லிஸ்ட் என்ற மின்வளத் திட்டம். இது தனிநபர் பயனர்பெயர், கடவுச்சொல் வழியாகத் திறப்பது. மூன்றாவது, கல்லூரி நேரடியாகப் பணம் கட்டுபவை. நான்காவது, அச்சு இதழ்ச் சந்தாவோடு இலவசமாக ஒட்டிக்கொண்டு வருபவை. பெரும்பாலும் யாரும் பதிவு செய்யாமலே வீணாகப் போகும். ஐந்தாவது, யாருக்கும் இலவசமாகத் திறந்திருக்கும் 'திறந்த அணுகல்' இதழ்கள்.

பிரித்து முடித்ததும் ஒரே இதழ் இரண்டு வழிகளில் வருகிறதா என்று பாருங்கள். கூட்டமைப்பு (முதல் இரண்டு வழிகள் போன்ற கூட்டு ஏற்பாடு) வழியாக ஏற்கெனவே வரும் இதழுக்குத் துறைத் தலைவர் கேட்டார் என்பதற்காகத் தனியாகப் பணம் கட்டிக்கொண்டிருப்பது அரிதான காட்சி அல்ல. ஆனால் உடனே ரத்து செய்துவிடாதீர்கள். கூட்டமைப்பில் எந்த ஆண்டிலிருந்து கிடைக்கிறது, நேரடிச் சந்தாவில் எந்த ஆண்டிலிருந்து என்று ஒப்பிட்ட பிறகே முடிவு.

3. உரிமத்தை வரி வரியாக வாசியுங்கள்

இந்தப் படியைத் தாண்டிப் போகாதவர்களை நான் பார்த்ததே குறைவு. இருபது பக்கமும் படிக்க வேண்டாம். ஐந்து கேள்விகளுக்கு விடை தேடினால் போதும்.

யாருக்கு உரிமை? நிரந்தர ஆசிரியரும் மாணவரும் எல்லா உரிமத்திலும் இருப்பார்கள். கௌரவ விரிவுரையாளர், பகுதி நேர ஆய்வாளர், நூலகத்துக்கு நேரில் வரும் வெளியாள், முன்னாள் மாணவர் ஆகியோரைப் பற்றித் தனித்தனியாகப் பாருங்கள். நேரில் வருபவருக்குப் பல உரிமங்கள் அனுமதி தரும். முன்னாள் மாணவருக்குப் பெரும்பாலும் இல்லை.

எங்கிருந்து திறக்கலாம்? வளாகத்துக்குள் மட்டுமா, வீட்டிலிருந்துமா, இணைப்பு வளாகம் வேறு ஊரில் இருந்தால் அதற்குத் தனிக் கட்டணமா?

எந்த ஆண்டுகள்? சந்தா கட்டிய ஆண்டு மட்டுமா, அதற்கு முந்தைய சில ஆண்டுகளும் சேர்த்தா, முதல் தொகுதியிலிருந்தா? பழைய தொகுதிகளைத் தனிப் பொருளாக விற்கும் பதிப்பகங்கள் உண்டு. டாலர் கேட்கும் திரைகளில் பெரும்பங்கு இதனால்தான்.

சந்தா நின்றால் என்ன மிஞ்சும்? அச்சு இதழ் என்றால் பைண்டு செய்த வால்யூம் அலமாரியில் இருக்கும். சந்தாவை நிறுத்தினாலும் யாரும் வந்து தூக்கிப்போக மாட்டார்கள். மின்னிதழில் 'நிரந்தர அணுகல்' என்று உரிமத்தில் எழுதியிருந்தால்தான் பணம் கட்டிய ஆண்டுகள் நமக்கு. எழுதாவிட்டால் டிசம்பர் 31-ஓடு பத்து ஆண்டுப் பணமும் போனதுதான். போர்ட்டிகோ, கிளாக்ஸ் போன்ற பாதுகாப்புக் காப்பகங்களில் இதழ் இருக்கிறது என்று விற்பனையாளர் சொன்னால், அது வேறு காப்பீடு: பதிப்பகமே மூடிப்போனாலோ இதழைக் கைவிட்டாலோ உதவுவதுதான் அதன் முதல் நோக்கம். நம் சந்தா நின்றதற்கு அதை நம்பக் கூடாது.

ஐந்தாவது, எதைச் செய்யக் கூடாது? இதழ் முழுவதையும் ஒரேயடியாகத் தரவிறக்குவதை எல்லாப் பதிப்பகங்களும் தடுக்கின்றன. விடைகளை உரிமத்தின் முதல் பக்கத்தில் பென்சிலால் எழுதி, எக்செல் தாளிலும் ஏற்றுங்கள்.

4. ஐபி முகவரி: எண்ணைச் சரியாக எடுப்பது

வளாகத்திலிருந்து கடவுச்சொல் இல்லாமல் இதழ் திறப்பது ஐபி முகவரியால். பதிப்பகத்தின் கணினி, கேட்பவரின் எண்ணைப் பார்க்கும். பட்டியலில் இருந்தால் திறக்கும்.

புதியவர்களில் பாதிப் பேர் விழும் பள்ளம் இங்கே. நூலகக் கணினியின் நெட்வொர்க் அமைப்பைத் திறந்தால் 192.168 என்றோ 10 என்றோ தொடங்கும் எண் தெரியும். அதை அப்படியே பதிப்பகத்துக்கு அனுப்பிவிடுகிறார்கள். அது வளாகத்துக்குள் மட்டும் செல்லும் உள் எண். 172.16 முதல் 172.31 வரையிலானவையும் அப்படியே. நம் தெருவில் 'மூன்றாம் எண் வீடு' என்று சொல்வது போல. ஊருக்கு ஊர் மூன்றாம் எண் வீடு இருக்கிறது. வெளியுலகம் பார்க்கும் எண் தெரிய வேண்டுமானால், உலாவியில் 'வாட் இஸ் மை ஐபி' என்று தேடிப் பாருங்கள்.

ஒரே ஒரு கணினியில் பார்த்து முடித்துவிடாதீர்கள். நூலகம், ஆய்வகம், துறை அறை, அலுவலகம், விடுதி வைஃபை என்று ஐந்து இடங்களில் பார்த்து எழுதுங்கள். விடுதிக்குத் தனி இணைப்பு போட்டிருப்பார்கள். நூலகருக்குச் சொல்லியிருக்க மாட்டார்கள். இரண்டு இணைய இணைப்புகள் வைத்திருக்கும் கல்லூரிகளில், ஒன்று படுத்தால் மற்றது எடுத்துக்கொள்ளும். 'காலையில் திறந்துச்சு, மதியம் திறக்கல' என்ற புகாரின் காரணம் பெரும்பாலும் இதுதான். இரண்டு இணைப்பின் எண்களையும் கொடுத்தால் புகார் நிற்கும்.

சிறிய கல்லூரிகளில் வீட்டு இணைப்பு போன்ற பிராட்பேண்ட் இருக்கும். ரௌட்டரை அணைத்துப் போட்டால் எண் மாறிவிடும். ரௌட்டரின் வெளிப்பக்க எண் 100.64 முதல் 100.127 வரையிலான தொகுப்பில் இருந்தால் இன்னும் மோசம்: இணைய நிறுவனம் ஒரே வெளி எண்ணைப் பல வாடிக்கையாளர்களுக்குப் பகிர்ந்து தருகிறது என்று பொருள். இரண்டுக்கும் தீர்வு, நிலையான ஐபி கேட்டு வாங்குவது. அதற்கான சிறு கட்டணத்தை நூலக வரவு செலவில் முன்கூட்டியே சேர்த்துவிடுங்கள்.

ஐபிவி6 என்ற புதிய வகை ஐபி எண் வளாகத்தில் ஓடுகிறதா என்றும் கேளுங்கள். ஓடினால் அதையும் தர வேண்டும், அல்லது பதிப்பகத் தளங்களுக்குப் பழைய வகை எண்ணே போகும்படி அமைக்கச் சொல்ல வேண்டும்.

5. வளாகத்துக்கு வெளியே

ஆய்வாளர் இரவு பதினொரு மணிக்கு வீட்டில் உட்கார்ந்து எழுதுகிறார். அவருக்கு இரண்டு வழிகள்: ப்ராக்ஸி, அல்லது கூட்டு அடையாள முறை.

ப்ராக்ஸியில் வாசகர் முதலில் நூலகத்தின் சேவையகத்தில் நுழைவார். பதிப்பகத்துக்குச் சேவையகத்தின் எண் மட்டும் தெரியும். ஆகவே அந்த எண்ணும் பட்டியலில் இருக்க வேண்டும். கூட்டு அடையாள முறையில் பதிப்பகத் தளத்தில் 'நிறுவனம் வழியாக நுழைக' என்பதை அழுத்தி, நம் கல்லூரியைத் தேர்ந்து, கல்லூரி கொடுத்த பயனர்பெயரால் நுழைவார். இந்தியாவில் இன்ஃப்லிப்நெட் நடத்தும் இன்ஃபெட் இந்த வகை.

எதுவானாலும் ஒருவருக்கு ஒரு கணக்கு. துறைக்கு ஒரு பொதுக் கடவுச்சொல் கொடுத்து அதை வாட்ஸாப் குழுவில் போட்டால், ஆறு மாதத்தில் அது எங்கெங்கோ போய்விடும். ஒருமுறை எங்கள் வளாகத்தில் ஒரு மாணவர் தரவிறக்கி மென்பொருளை ஓடவிட்டு, ஓர் இதழின் பல தொகுதிகளை ஒரே இரவில் இறக்க முயன்றார். காலையில் மொத்தக் கல்லூரிக்கும் அந்தத் தளம் மூடிக் கிடந்தது. தனிக் கணக்கு இருந்ததால் யாரென்று ஒரு மணி நேரத்தில் தெரிந்தது, விளக்கம் எழுதினோம், திறந்துவிட்டார்கள். பொதுக் கணக்காக இருந்திருந்தால் பதிப்பகத்துக்குச் சொல்ல நம்மிடம் பதிலே இருந்திருக்காது.

படிப்பை முடித்தவரின் கணக்கை ஒவ்வொரு ஜூனிலும் மூடுங்கள்.

6. தலைப்புப் பட்டியல்

இப்போதுதான் பட்டியல். தலைப்பு, அச்சு ஐஎஸ்எஸ்என் (இதழ்களுக்கான எட்டு இலக்கப் பன்னாட்டு அடையாள எண்), மின் ஐஎஸ்எஸ்என், தொடக்க ஆண்டு, முடிவு ஆண்டு, தடைக்காலம் (எவ்வளவு காலத்துக் கட்டுரைகள் மூடியிருக்கும் என்பது), வழி, இணைப்பு, கடைசியாகச் சோதித்த நாள். இந்த ஒன்பது பத்திகளுக்கு மேல் தொடக்கத்தில் வேண்டாம்.

அச்சுக்கும் மின்வடிவுக்கும் தனித்தனி ஐஎஸ்எஸ்என் உண்டு. 'நேச்சர்' இதழின் அச்சு எண் 0028-0836, மின் எண் 1476-4687. ஒன்றை மட்டும் வைத்துத் தேடினால் பாதித் தளங்களில் 'இல்லை' என்று வரும். எக்செல்லில் நடுக்கோடு இல்லாமல் தட்டினால் முன்னால் உள்ள பூஜ்யங்கள் பறந்துவிடும். 00280836 என்பது 280836 ஆகிவிடும். பத்தியை முதலிலேயே 'உரை' என்று அமைத்துவிட்டுத் தட்டுங்கள்.

எண் சரியா என்று கையாலேயே பார்க்கலாம். பெங்களூரிலிருந்து வரும் 'கரண்ட் சயின்ஸ்' இதழின் எண் 0011-3891. முதல் ஏழு இலக்கங்களை வரிசையாக 8, 7, 6, 5, 4, 3, 2 ஆகியவற்றால் பெருக்கிக் கூட்டுங்கள்: 0, 0, 6, 5, 12, 24, 18; மொத்தம் 65. பதினொன்றால் வகுத்தால் மீதி 10. பதினொன்றிலிருந்து பத்தைக் கழித்தால் 1, அதுதான் கடைசி இலக்கம். மீதி பூஜ்யமானால் கடைசி இலக்கமும் பூஜ்யம். கழித்து வருவது 10 ஆனால் எக்ஸ் எழுத்து. எண்கள் அச்சுப்பிழையாக வரும் பட்டியல்களைச் சலித்தெடுக்க இது போதும்.

பதிப்பகத்திடம் 'கேபார்ட்' வடிவப் பட்டியல் கேளுங்கள். எல்லாப் பதிப்பகங்களும் ஒரே பத்தி வரிசையில் தரும் ஏற்பாடு அது. அதில் தடைக்காலப் பத்தியில் 'பி1ஒய்' என்று இருந்தால், ஓராண்டுக்கு முன்பு வரை வெளிவந்தவை மட்டும் கிடைக்கும், புதியவை கிடைக்காது. 'ஆர்' என்று தொடங்கினால் நேர்மாறு: அண்மைக் காலத்தவை மட்டும், பழையவை இல்லை. இந்த ஓர் எழுத்தைக் கவனிக்காமல் 'முழுதும் கிடைக்கும்' என்று பட்டியலில் போட்டுவிட்டுப் பிறகு ஆசிரியர்களிடம் பேச்சு வாங்குவார்கள்.

இதழின் பெயர் மாறினால் பழைய வரியைத் திருத்தாதீர்கள். அதற்கு முடிவு ஆண்டு போட்டுவிட்டுப் புதுப் பெயருக்குப் புது வரி திறங்கள். 1990-களின் மேற்கோளோடு வரும் ஆய்வாளர் பழைய பெயரைத்தான் தேடுவார்.

7. சோதனை

ஒவ்வொரு தலைப்பிலும் மூன்று கட்டுரைகள்: உரிமத்தில் உள்ள மிகப் பழைய ஆண்டில் ஒன்று, நடுவில் ஒன்று, இந்த மாதத்தில் ஒன்று. சுருக்கம் எல்லாருக்கும் திறக்கும். பிடிஎஃப் முழுதாக இறங்கினால்தான் கணக்கு.

உலாவியின் இன்காக்னிடோ (மறைநிலை) சாளரத்தில் சோதியுங்கள். இல்லையென்றால் பழைய நுழைவின் மிச்சத்தால் உங்களுக்குத் திறக்கும், மாணவருக்குத் திறக்காது. திறந்த அணுகல் கட்டுரையை வைத்துச் சோதிப்பது அடுத்த பிழை. சந்தா இல்லாமலே திறக்கும் கட்டுரை திறந்ததால் சந்தா நடக்கிறது என்று ஆகாது. திறந்த பூட்டுக் குறி இல்லாத கட்டுரையாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். பிறகு கைபேசியில் மொபைல் டேட்டாவில் போட்டு வெளி வழியையும் பாருங்கள்.

ஜனவரி முதல் இரண்டு வாரம் இதற்கென்றே வையுங்கள். பதிப்பகத்திலிருந்து பதிப்பகத்துக்கு இதழ்கள் கைமாறுவதும், பழைய சந்தாக்கள் துண்டிக்கப்படுவதும் ஆண்டுத் தொடக்கத்தில்தான்.

8. வாசகருக்கு என்ன சொல்லிக்கொடுப்பது

அரங்கில் இருநூறு பேரை உட்காரவைத்துத் தளங்களின் பெயர்களை ஒப்பிப்பதால் பயனில்லை. பத்துப் பேர், ஒவ்வொருவர் கையிலும் தம் ஆய்வுக்கு வேண்டிய ஒரு கட்டுரை மேற்கோள், ஒரு மணி நேரம். அதைக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள்.

முதலில் டிஓஐ, அதாவது ஒவ்வொரு கட்டுரைக்கும் தரப்படும் மாறாத அடையாள எண். முகவரிப் பட்டையில் இருக்கும் நீளமான இணைப்பை நகலெடுத்து நண்பருக்கு அனுப்புவார்கள். அது அவருக்குத் திறக்காமல் போகலாம். டிஓஐ எண்ணை அனுப்பினால் இதழ் பதிப்பகம் மாறினாலும் கட்டுரைக்குப் போய்ச் சேரும். பிறகு இதழ் பக்கத்தில் உள்ளடக்க அறிவிப்பைப் பதிவு செய்யக் காட்டுங்கள். புதிய இதழ் வெளிவந்ததும் பொருளடக்கம் அஞ்சலில் வரும். அச்சு இதழைப் புரட்டும் பழக்கத்துக்கு ஈடானது இதுதான். மேற்கோள்களைச் சேர்த்துவைக்க ஜோட்டெரோ மென்பொருள் இலவசம்.

நம் சந்தாவில் இல்லாத கட்டுரை என்றால் வரிசை இது: திறந்த வடிவம் இருக்கிறதா என்று உலாவியில் சேர்க்கும் அன்பேவால் நீட்சியில் பார்ப்பது, கட்டுரையாசிரியரின் பல்கலைக்கழகம் கட்டுரைகளைச் சேமித்து வைக்கும் களஞ்சியத்தில் பார்ப்பது, கட்டுரையாசிரியருக்கே இரண்டு வரி மின்னஞ்சல் எழுதுவது, கடைசியில் நூலகம் வழியாக வேறு நூலகத்தில் கேட்பது. மின்னஞ்சலுக்குப் பதில் வராது என்று மாணவர்கள் தயங்குவார்கள். என் அனுபவத்தில் மரியாதையாகக் கேட்டவர்களுக்குப் பெரும்பாலும் வந்திருக்கிறது. களஞ்சியத்தில் கிடைப்பது பதிப்பக அச்சுக்கு முந்தைய வடிவமாக இருக்கலாம். பக்க எண் மாறும், மேற்கோள் காட்டும்போது கவனிக்கச் சொல்லுங்கள்.

9. பயன்பாட்டுக் கணக்கு

'கவுன்ட்டர்' என்ற பொது நெறிப்படி பதிப்பகங்கள் அறிக்கை தருகின்றன. நமக்கு மூன்று போதும். டிஆர்-ஜே1, எந்த இதழில் எத்தனை கட்டுரை திறக்கப்பட்டது. டிஆர்-ஜே2, எத்தனை முறை உரிமம் இல்லை என்று திருப்பி அனுப்பப்பட்டார்கள். டிஆர்-ஜே4, திறந்தவை எந்த ஆண்டுக் கட்டுரைகள்.

டிஆர்-ஜே1-இல் 'மொத்தம்', 'தனித்தனி' என்று இரண்டு எண்கள் வரும். ஒருவர் ஒரே கட்டுரையைத் திரையில் படித்துவிட்டு பிடிஎஃப்-ஐயும் இறக்கினால் மொத்தத்தில் 2, தனித்தனியில் 1. பதிப்பகங்களை ஒப்பிடும்போது தனித்தனி எண்ணையே எடுங்கள். தளத்தின் வடிவமைப்பால் மொத்த எண் வீங்கும்.

ஒரு பயன்பாட்டின் விலை எளிய வகுத்தல். 72,000 ரூபாய் இதழை 48 முறை திறந்தால் 1,500 ரூபாய். 9,000 ரூபாய் இதழை 3 முறை திறந்தால் 3,000. மலிவானது என்று தொடர்ந்து வாங்குவதே விலை உயர்ந்ததாக இருக்கலாம். ஆனால் பூஜ்யம் வந்த இதழைப் பார்த்ததும் வெட்டிவிடாதீர்கள். முதலில் ஏழாம் படிக்குத் திரும்பி அது திறக்கிறதா என்று பாருங்கள். ஆண்டு முழுக்க இணைப்பு செத்துக் கிடந்த இதழை 'யாரும் படிக்கவில்லை' என்று ரத்து செய்த கதை எனக்குத் தெரியும். கல்லூரியைத் தர மதிப்பீடு செய்யும் நாக் (NAAC) குழு வருவதற்கு முந்தைய வாரம் அறிக்கைகளை மொத்தமாக எடுக்க உட்காராமல், மாதம் ஒரு முறை இறக்கி வையுங்கள்.

10. புதுப்பித்தல்

நம் வரவு செலவு ஏப்ரல் முதல் மார்ச் வரை; சந்தா ஜனவரி முதல் டிசம்பர் வரை. இந்த இடைவெளியில்தான் சந்தாக்கள் அறுந்துபோகின்றன. மார்ச்சில் பணம் மிஞ்சியிருக்கிறதே என்று பார்த்தால் இணைப்பு ஜனவரியிலேயே போயிருக்கும். ஜூலையில் அறிக்கைகளை எடுத்து, ஆகஸ்டில் துறைகளோடு பேசி, செப்டம்பரில் விலை கேட்டு, அக்டோபரில் ஆணை கொடுத்தால் டிசம்பரில் நிம்மதி. விலை டாலரில் என்றால், பணம் கட்டும் நாளின் மாற்று விகிதம் ஏறினாலும் தாங்கும்படி ஒப்புதல் தொகையில் கொஞ்சம் இடம் விட்டுக் கேளுங்கள்.

ஓர் இதழை நிறுத்த முடிவானால், நிறுத்தும் முன்பே பதிப்பகத்துக்கு எழுதி, நிரந்தர அணுகல் எந்த ஆண்டு முதல் எந்த ஆண்டு வரை என்று எழுத்தில் வாங்குங்கள். வாடிக்கையாளராக இருக்கும்வரைதான் பதில் சுருக்காக வரும். எக்செல் தாளில் அந்த வரியை அழிக்காதீர்கள். முடிவு ஆண்டை நிரப்பி, பதிப்பகத்தின் கடிதத்தை அதே கோப்புறையில் போட்டு, பிப்ரவரியில் அந்தப் பழைய ஆண்டுகளில் மூன்று கட்டுரைகளைத் திறந்து பாருங்கள்.